மூன்றாங்கரைப் பின்னல்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நான் கணிதம் படிப்பிக்கிற ஆள். ஊர் மட்டக்களப்பில் கொக்கட்டிச்சோலைப் பக்கம், இப்போது இருப்பது கல்லடியில். 2020 ஊரடங்கு நேரம் வீட்டுக்குள் அடைந்து கிடந்த பிள்ளைகளுக்காக ‘மூன்றாங்கரை’ என்று ஒரு தொடர்கதை எழுதிப் பகுதி பகுதியாக வாட்ஸ்அப்பில் அனுப்பினேன். பாயில் இழைத்த ஒரு குறியின் மேல் நடந்து இன்னொரு பரிமாணத்துக்குப் போய்வருகிற ஒரு பெத்தாவின் கதை (வெளியூர் ஆட்களுக்கு: பெத்தா என்றால் பாட்டி). பிள்ளைகளிடமிருந்து அது பெரியவர்கள் கைக்குப் போய்விட்டது. இப்போது சந்தையில் மீன் வாங்க நின்றாலும், “சேர், அந்தக் குறி…” என்று யாராவது தொடங்குகிறார்கள். ஒரே பதிலை எத்தனை தரம்தான் சொல்வது? கேள்விகளைக் கேட்டவர்களின் பேச்சிலேயே போட்டிருக்கிறேன்.

1. சேர், இது உண்மையா பொய்யா? அத மட்டும் சொல்லுங்க.

பொய். நான் கட்டியது. மூன்றாங்கரை என்று ஓர் இடம் கிடையாது, குறியில் நடந்து யாரும் எங்கேயும் போனதில்லை, எங்கள் வீட்டுப் பரணில் பழைய ஏடு ஒன்றும் கிடைக்கவில்லை. (ஏடு கிடைத்தது என்று யாரோ குரல்பதிவு அனுப்பித் திரிகிறார்களாம், அதை நம்ப வேண்டாம்.)

ஆனால் பொய்யை நட்ட மண் உண்மையானது. குறியின் கணக்கு உண்மை, பாய் உண்மை, வாவி உண்மை. எது எந்தப் பக்கம் என்பதைக் கீழே அந்தந்த இடத்தில் சொல்கிறேன்.

2. குறி எப்படி இருக்கும்? கதையில வாசிச்சன், ஒண்டும் விளங்கல்ல.

எழுத்தில் வாசித்தால் விளங்காது, வெண்கட்டியை எடுங்கள். ஒரு வரிசைக்கு ஐந்து புள்ளியாக மூன்று வரிசை, மொத்தம் 15 புள்ளி. இனி அந்தப் புள்ளிகளைச் சுற்றி ஒரு பெட்டி இருப்பதாக நினைத்துக்கொள்ளுங்கள். கரம் பலகையில் காயைச் சாய்வாக அடித்தால் ஓரத்தில் பட்டுத் திரும்பி மறு ஓரத்துக்குப் போகுமே, அதே மாதிரி கோடு புள்ளிகளுக்கு நடுவால் சாய்வாக ஓடவேண்டும். ஓரத்தில் முட்டினால் வளைந்து திரும்பவேண்டும். கோடு கோட்டை வெட்டும் இடத்தில் நேரே போகவேண்டும், திரும்பக்கூடாது.

சரியாகப் போட்டால் தொடங்கிய இடத்துக்கே கோடு வந்து சேரும், ஒவ்வொரு புள்ளியும் ஒரு சின்னக் கட்டத்துக்குள் அடைபட்டிருக்கும். பக்கத்துப் பக்கத்துப் புள்ளிகளுக்கு இடையில் ஒவ்வொரு வெட்டு: கிடையாக 12, நெடுக்காக 10, மொத்தம் 22. இந்த 22ஐ ஞாபகம் வைத்திருங்கள், பிறகு வேலை இருக்கிறது.

3. ஏன் மூணும் அஞ்சும்? நான் நாலுக்கு நாலு போட்டன், கோடு முடிஞ்சு போகுது.

முடிந்துதான் போகும். நாலுக்கு நாலு போட்டால் ஒன்றல்ல, தனித்தனியாக நாலு வளையம் வரும். எத்தனை வளையம் வரும் என்பதை வரையாமலே சொல்லலாம்: இரண்டு எண்களின் பொதுக்காரணிகளுட் பெரியது எதுவோ அத்தனை. நாலுக்கும் ஆறுக்கும் இரண்டு. மூன்றுக்கும் ஐந்துக்கும் ஒன்று. மூன்றுக்கு நாலும் ஒன்றுதான், ஐந்துக்கு ஏழும் ஒன்றுதான். ஒரே கோடாக வரவேண்டும் என்பதுதான் கதைக்குத் தேவை, ஏனென்றால் பெத்தா பாதி வழியில் கோட்டை விட்டுக் கோட்டுக்குத் தாவக்கூடாது. 3×5 பாயின் நீள அகலத்துக்கு அளவாக இருந்தது, எடுத்துக்கொண்டேன்.

எங்கள் வகுப்புக் கெட்டிக்காரன் ஒருவன் நாலுக்கு நாலையும் கையெடுக்காமல் ஒரே கோட்டில் போட்டுக் கொண்டுவந்தான். பார்த்தால், வெட்டுகளில் நேரே போகாமல் திரும்பியிருக்கிறான். கணிதத்தில் அது சரி. ஒவ்வொரு வெட்டிலும் நாலு முனை சேர்கிறது, நாலு இரட்டை எண். அப்படியிருந்தால் கையெடுக்காமல் வரைந்து தொடங்கிய இடத்துக்கே வரலாம் என்பது 1736ல் ஒய்லர் என்ற கணித மேதை கோனிக்ஸ்பேர்க் நகரத்துப் பாலங்களை வைத்துத் தொடங்கிய சங்கதி. கதையில் மட்டும் அது களவு.

4. கோலந்தானே இது? ஏன் பாய் பாய் எண்டு சொல்றீங்க?

வாசலில் போட்டால் கோலம், சிக்குக்கோலம் போடுகிறவர்களுக்குப் பார்த்த உடனே கை பிடிபடும். ஆனால் கோலத்தில் ஒரு கோடு இன்னொன்றின் மேலால் போகிறதா கீழால் போகிறதா என்று கேட்கமுடியாது, மாவுக்கு மேலும் கீழும் இல்லை. பாயில் அது இருக்கிறது. ஒரு பன் (பாய் இழைக்கிற புல்) மேலால் போனால் அடுத்த இடத்தில் கீழால், பிறகு மேலால். அந்த மேல்–கீழ் இல்லாவிட்டால் பாய் பிரிந்து கொட்டிவிடும்.

என் கதை முழுவதும் இந்த மேல்–கீழில்தான் நிற்கிறது. அதனால் பாய்.

5. யாழ்ப்பாணத்து ஆக்கள் “மட்டக்களப்பார் பாயோட ஒட்டவைப்பாங்க” எண்டு பகிடி பண்றதுக்கும் இதுக்கும் தொடர்பிருக்கா?

இருக்கிறது, கதையே அதிலிருந்துதான் பிறந்தது. தெரியாத ஆட்களுக்காக: மட்டக்களப்புக்குப் போகிறவனுக்கு மந்திரம் போட்டுப் பாயோடு ஒட்டிவிடுவார்கள், அவன் திரும்பி ஊர் வரமாட்டான் என்று காலங்காலமாக ஒரு கதை உண்டு. நான் வெளியூரில் படித்த காலத்தில் விடுதியில் என் பாயை யாரும் கடன் கேட்டதில்லை. பகிடிதான், ஆனாலும் நாலு வருடம்.

பாயில் யாரும் ஒட்டவில்லை என்பது எல்லோருக்கும் தெரியும். வேலைக்கு வந்தவன் இங்கே பெண் எடுத்திருப்பான். எங்கள் பக்கத்தில் வீடும் வளவும் பெண்ணுக்குத்தான் போகும், கலியாணம் கட்டினால் மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்கு வந்து இருப்பார். வயல் விளைகிறது, வாவியில் மீன், எருமைத் தயிர் முட்டியில் இருக்கிறது, மனிசி நல்ல மனிசி. அவன் ஏன் திரும்பிப் போகிறான்? ஊரில் தாய்க்காரிக்குச் சொல்ல ஒரு காரணம் வேண்டும், மந்திரம் வசதியாக இருந்தது.

இதை யோசித்துக்கொண்டிருந்தபோதுதான் எனக்கு அந்த எண்ணம் வந்தது. ஒட்டினான் என்று ஏன் சொல்லவேண்டும்? பாயில் படுத்தவன் காலையில் பாயில் இல்லை என்று வைத்துக்கொண்டால்? ஒட்டவில்லை, பாய்க்கு அந்தப் பக்கம் போய்விட்டான். அவ்வளவுதான், அன்றிரவே முதல் பகுதியை எழுதிவிட்டேன்.

6. மூன்றாங்கரை எங்க கிடக்கு?

வாவிக்கு இரண்டு கரை: சூரியன் எழுகிற கடற்பக்கம் எழுவான்கரை, சூரியன் படுகிற வயற்பக்கம் படுவான்கரை. இது எங்கள் தினசரிப் பேச்சு, கதைக்காகச் செய்த பெயரில்லை. ஏறாவூர்ப் பக்கத்திலிருந்து கல்முனைப் பக்கம் வரை வாவி ஏறத்தாழ 56 கிலோமீட்டர் நீளம். அந்த நீளம் முழுக்க ஒரு கரையில் நிற்கிறவனுக்கு மற்றது மறுகரை.

சின்ன வயதில் குருமண்வெளியில் நின்று மண்டூருக்குப் பாதை ஏறுவோம். பாதை என்றால் றோட்டு இல்லை, வாகனங்களையும் ஆட்களையும் ஏற்றிக்கொண்டு வாவியைக் கடக்கிற மிதவை. நடுவாவியில் பாதை போகும்போது இரண்டு கரையும் ஒரே அளவு தூரத்தில் தெரியும் ஒரு நேரம் வரும், அப்போது நாம் எந்தக் கரை ஆள் என்று எனக்குச் சந்தேகம் வரும். மூன்றாங்கரை அந்தச் சந்தேகம்தான். கிழக்கிலும் இல்லை, மேற்கிலும் இல்லை, வடக்கு தெற்கு மேலே கீழே எங்கும் இல்லை. அடுத்த கேள்வியைப் பார்க்க.

7. பரிமாணம் எண்டா வேற உலகம்தானே?

இல்லை, படங்கள் பார்த்துப் பழகிய பழக்கம் அது. பரிமாணம் என்பது ஒரு திசை. நீளம் ஒன்று, அகலம் ஒன்று, உயரம் ஒன்று, மூன்றும் ஒன்றுக்கொன்று செங்குத்து. இந்த மூன்றுக்கும் செங்குத்தாக இன்னொரு திசை இருந்தால் அது நாலாவது. கணிதத்தில் அதை எழுதுவதும் கணக்குச் செய்வதும் சாதாரண விசயம், கையால் சுட்டிக்காட்டத்தான் ஏலாது. (நாலாவது நேரந்தானே என்று உயர்தரப் பிள்ளைகள் கேட்பார்கள். 1908ல் மின்கோவ்ஸ்கி என்ற கணித அறிஞர் வெளியையும் நேரத்தையும் ஒன்றாகச் சேர்த்தது அந்த வழி. கதையில் நான் சொல்வது இடத்தில் நாலாவது.)

பாயில் ஓர் எறும்பை நினைத்துக்கொள்ளுங்கள். அதற்குப் பாய்தான் உலகம், மேலே என்ற சொல்லே அதனிடம் இல்லை. நான் அதைத் தாளில் ஏற்றித் தூக்கிப் பாயின் மறுமூலையில் விட்டால், மற்ற எறும்புகளுக்கு அது மாயம். ஒருத்தன் இருந்தான், இல்லை, பிறகு அங்கே இருந்தான். எறும்பு வேறு உலகத்துக்குப் போகவில்லை, மற்றதுகளுக்குத் தெரியாத ஒரு திசையால் போனது. பெத்தாவும் அப்படித்தான்.

8. சரி, குறியால எப்படிப் போறது? படிப்படியாச் சொல்லுங்க.

கதைப்படி சொல்கிறேன். குறி இழைத்த பாயை விரித்துக் கோட்டின் மேல் விரல் வைத்து, அல்லது பெத்தா மாதிரிக் கால் வைத்து, கோடு போகிற வழியே போகவேண்டும். வெட்டு 22 என்று சொன்னேன் அல்லவா (கேள்வி 2), ஒரே கோடு என்பதால் ஒவ்வொரு வெட்டையும் இரண்டு தரம் கடப்பீர்கள், ஆக 44 கடத்தல். மேல், கீழ், மேல், கீழ் என்று வாயால் சொல்லிக்கொண்டே போகவேண்டும். 43 முடிந்து 44ஆவதுக்கு வரும்போது வாயில் ‘கீழ்’ வரும். அதைச் சொல்லக்கூடாது. ‘மேல்’ என்றும் சொல்லக்கூடாது. இரண்டும் இல்லாத பக்கத்தால் கடக்கவேண்டும்.

“அது எந்தப் பக்கம்” என்று பேத்தி கேட்க, பெத்தா “நீ எண்ணுறத உடு, கால் போகும்” என்கிறாள். இந்த இடத்தில் நான் மழுப்பிவிட்டேன் என்று நிறையப் பேருக்குக் கோபம். கோபம் நியாயம். ஆனால் அடியில் ஒரு உண்மை கிடக்கிறது: கயிற்றில் எவ்வளவு சிக்கலான முடிச்சைப் போட்டு இரண்டு முனையையும் ஒட்டினாலும், நாலு பரிமாணத்தில் அந்த முடிச்சு அவிழ்ந்துவிடும். கயிற்றை வெட்டவேண்டாம். ஓர் இழை மற்ற இழையின் மேலாலும் போகாமல் கீழாலும் போகாமல் நாலாவது பக்கத்தால் விலகிப் போய்விடும். முடிச்சு முடிச்சாக நிற்பதற்கு மூன்று பரிமாணம் சரியாக வேண்டும், கூடினால் நிற்காது. பெத்தா அந்த இழை.

9. முழுநிலாவில மட்டும் ஏன் திறக்குது? மீன் பாட்டுக்கு எண்டா?

ஓம், அது ஊர்ப்பற்று, கணக்கு இல்லை. கல்லடிப் பாலத்தடியில் நிலாக்காலத்தில் தோணியில் போய், துடுப்புத் தண்டைத் தண்ணீருக்குள் விட்டு மற்ற நுனியில் காதை வைத்தால் பாட்டுக் கேட்கும் என்பார்கள். 19ஆம் நூற்றாண்டில் இங்கே வந்த எமர்சன் டெனன்ட் என்ற பிரித்தானிய அதிகாரி, கண்ணாடிக் கோப்பையின் விளிம்பை ஈர விரலால் தேய்த்தால் வரும் ஓசை மாதிரி என்று எழுதிவைத்திருக்கிறார். பாடுவது மீனா ஊரியா (நத்தை வகை) என்று இன்னும் பேச்சு நடக்கிறது. தண்ணீருக்குள் இருந்து வருகிற சத்தத்தை மரத்தின் வழியாகக் கேட்பது என்ற எண்ணம் எனக்கு விருப்பமாக இருந்தது, அந்தப் பக்கத்துச் சத்தம் இந்தப் பக்கம் கசிகிற மாதிரி. அதனால் சேர்த்தேன்.

10. போய்வந்தா இடது வலது மாறும் எண்டு எழுதினீங்க. பயங்காட்டவா?

கதையில் நான் அதிகம் யோசித்த இடமே இதுதான். ஒரு தாளில் உங்கள் இடது கையை வைத்துச் சுற்றிவர வரைந்து வெட்டுங்கள். மேசையில் வைத்து எப்படிச் சுழற்றினாலும் அது இடது கைதான். மேசையை விட்டுத் தூக்கிப் புரட்டிப் போட்டால் வலது கை. தாளுக்கு ஒரு பரிமாணம் கூடக் கிடைத்ததால் அது நடந்தது. அதேபோல ஒரு மனிசன் நாலாவது திசையில் புரண்டு வந்தால் கண்ணாடியில் தெரிகிற ஆளாக வந்து இறங்குவான். இதயம் வலப்பக்கம், வலக்கைக்காரன் இடக்கைக்காரன். உள்ளுறுப்புகள் இடம்வலம் மாறிப் பிறக்கிற ஆட்கள் நிசத்திலும் உண்டு, ஏறத்தாழ 10,000 பேருக்கு ஒருவர், பெரும்பாலும் சுகமாகவே வாழ்கிறார்கள். பெத்தாவின் நிலை அதைவிட மோசம், ஏனென்றால் அவளில் மூலக்கூறு வரைக்கும் புரண்டுவிட்டது.

நம் உடம்பில் புரதங்களைக் கட்டுகிற அமினோ அமிலங்கள் இடக்கை வகை, நாம் தின்கிற சீனி, மாச்சத்து வலக்கை வகை. புரண்டு வந்தவளுக்கு எல்லாம் எதிர். சோறு தின்பாள், வயிறு நிறையும், உடம்பு அதைப் பிடிக்காது, வலக்கைக்குத் தைத்த கையுறையை இடக்கையில் மாட்டுகிற மாதிரி. சில மூலக்கூறுகள் கை மாறினால் மூக்குக்கு வேறு மணமாகவே தெரியும், அதனால் தன் வீட்டுக் குசினியின் மணமே அவளுக்குப் பிடிபடவில்லை. தண்ணீருக்கும் உப்புக்கும் இடது வலது கிடையாது. அதை மட்டும்தான் உடம்பு ஏற்கிறது. மகள் தயிர்ச்சோறு பிசைந்து கொடுக்க, பெத்தா தின்று தின்று மெலிகிற அந்தப் பகுதியை எழுதிய கிழமை எனக்கே சோறு இறங்கவில்லை.

11. அப்ப மறுகா ஒருக்காப் போய்வந்தாச் சரியாகிடுமே?

ஆகும். தாளை இரண்டு தரம் புரட்டினால் பழைய கைதான். கதையின் இரண்டாம் பாதி அந்த இரண்டாவது பயணம்தான்.

ஆனால் ஒரு சிக்கல், இதைக் கண்டுபிடித்துக் கேட்டது களுவாஞ்சிகுடிப் பிள்ளை ஒருத்தி: “பெத்தா பாயையும் சுருட்டிக்கொண்டு போயிருந்தா?” பாயும் சேர்ந்து புரண்டிருக்கும். அப்போது மேல்–கீழ், இடது–வலது எல்லாம் அவளோடு சேர்ந்தே மாறியிருப்பதால் பாயில் எந்த வித்தியாசமும் அவளுக்குத் தெரியாது. தான் சரியாக இருப்பதாகவும் ஊர்தான் புரண்டு கிடப்பதாகவும் நினைப்பாள், பேருந்துப் பலகையில் எழுத்தெல்லாம் திருப்பி எழுதியிருப்பதாகச் சண்டை பிடிப்பாள். என் கதையில் பாய் இங்கேயே கிடக்கிறது, அதனால்தான் தன் கை மாறியது அவளுக்குத் தெரியவந்தது. அந்தப் பிள்ளை சொன்ன வழி என்னுடையதைவிட நல்ல கதை, அவளையே எழுதச் சொல்லியிருக்கிறேன்.

12. இப்பதான் பாலம் இருக்கே, பெத்தாக்கு ஏன் குறி?

கேட்டது ஓட்டோ ஓட்டுகிற அண்ணன். கல்லடிப் பழைய பாலம் 1924, புதியது 2013, மண்முனையில் 2014ல் பாலம் திறந்தாச்சு. எழுவானுக்கும் படுவானுக்கும் போய்வர இனிப் பிரச்சினையில்லை, ஒத்துக்கொள்கிறேன். மூன்றாங்கரைக்குப் பாலம் போட யாராவது அடிக்கல் நாட்டினால் கதையை நிறுத்திவிடுகிறேன்.

13. ஏன் பொம்பிளைகளுக்கு மட்டும் குறி தெரியுது?

எங்கள் குடி, அதாவது வம்சம், தாய்வழியில்தான் வருகிறது, நான் என் அம்மாவின் குடி, என் பிள்ளைகள் என் மனிசியின் குடி. பாய் இழைக்கிறதும் பெரும்பாலும் பெண்கள்தான். அப்படிப்பட்ட ஊரில் ஒரு குறி தகப்பனிடமிருந்து மகனுக்குப் போகும் என்று எழுதினால் அதுதான் நம்பமுடியாத கற்பனை.

14. எங்கட உம்மா இத சூனியம் எண்டு ஏசுறா. வாசிக்கலாமா சேர்?

உம்மா வேண்டாமென்றால் வேண்டாம், உம்மாவோடு சண்டைபிடித்து வாசிக்கிற அளவுக்கு அது பெரிய கதை இல்லை. ஆனால் அவவிடம் இதை மட்டும் காட்டுங்கள்: கதையில் மந்திரம் ஒன்றுகூட இல்லை, பேயில்லை, பலியில்லை, எலுமிச்சங்காய் வெட்டுகிற காட்சியும் இல்லை. எண்ணுவதும் நடப்பதும் மட்டும்தான். பன்பாய் உங்கள் வீட்டிலும் இருந்திருக்கும், எங்கள் வீட்டிலும் இருந்தது.

15. வீட்டில பாய் விரிச்சு 44 எண்ணினன். ஒண்டும் நடக்கல்ல.

நல்லது. கேள்வி 1.

16. 2004ல நாவலடியில எங்கட தங்கச்சி கடலோட போனவ. மூன்றாங்கரையில அவ இருப்பாவா?

மூன்று பேர் வெவ்வேறு நாளில் கேட்டிருக்கிறார்கள். மூன்று பேருமே மற்ற ஆட்கள் போகும்வரை நின்று, குரலைத் தாழ்த்தித்தான் கேட்டார்கள்.

இல்லை என்பதுதான் பதில். இதற்குக் கணக்கு எதுவும் காரணமில்லை, எழுதியவன் எடுத்த முடிவு. முதலில் நான் அப்படித்தான் எழுதினேன்: பெத்தா போய் இறங்குகிறாள், டிசம்பர் 26க்கு முந்தின நாள் நாவலடி அப்படியே நிற்கிறது, வீடுகள், தோணிகள், முற்றத்தில் காய்கிற வலை. நாலு பக்கம். என் மனிசி வாசித்துவிட்டு ஒன்றும் சொல்லவில்லை. விடியத் தேத்தண்ணி தரும்போது, “இத வாசிக்கிற ஆக்களுக்கு அந்தப் பாய ஆர் இழைச்சுக் குடுக்கிற?” என்றாள். நாலு பக்கத்தையும் எடுத்துவிட்டேன். மூன்றாங்கரையில் ஆட்கள் இருக்கிறார்கள், நம் ஆட்கள் யாரும் இல்லை.

கேட்ட மூவரில் ஒருவருக்குப் பாய் இழைக்கத் தெரியும். “சரி சேர்” என்றுவிட்டு, குறியின் படம் ஒன்று வேண்டும் என்றார். கொப்பித்தாளில் வரைந்து கொடுத்தேன். எதற்கென்று நான் கேட்கவில்லை.

17. அடுத்த பகுதி எப்ப?

சாதாரண தர மாதிரித் தாள்கள் திருத்தக் கிடக்கின்றன, இரண்டு கட்டு. அது முடிந்த பிறகுதான். பெத்தா இரண்டாவது பயணத்தில் 43ஆவது கடத்தலில் நிற்கிறாள், கொஞ்சநாள் நிற்கட்டும். தண்ணீரும் உப்பும் பக்கத்தில் வைத்திருக்கிறேன்.